வின்சாட்டின் புதுக் கேப்டன்

இன்னும் கேப்டன் ஆகவில்லை, இன்னும் ஆகவில்லை, நடுவே ஒரு மைல் தண்ணீர் கிடக்கிறது என்று ஜோசையா ட்ரெவின் தன்னைத்தானே அதட்டிக்கொண்டான், ஆனால் மனசு சொன்ன பேச்சைக் கேட்டால்தானே? அது அவனுக்கு முந்திக்கொண்டு கிளம்பிப் போய், அதோ நங்கூரமிட்டு ஆடுகிற வின்சாட் கப்பலின் மேல்தளத்தில் ஏறி, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு குறுக்கும் நெடுக்கும் நடை போட ஆரம்பித்துவிட்டது. உடம்பு மட்டும் இங்கே, சென்னப்பட்டணத்துக் கரையை விட்டு அப்போதுதான் கிளம்பின மசூலாப் படகில், ஒரு ஆணிகூட அடிக்காமல் தென்னைநார்க் கயிற்றால் தைத்த பலகைகளுக்கு நடுவே, முழங்காலை முட்டுக்கொடுத்து உட்கார்ந்திருந்தது. சட்டைக்கும் நெஞ்சுக்கும் நடுவே, எண்ணெய்த் துணியில் சுற்றிவைத்த காகிதம் இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்தான். இருந்தது. போன நிமிஷமும் இருந்தது, அதற்கு முந்தின நிமிஷமும் இருந்தது, எங்கேதான் போய்விடும்? ஆனாலும் கை போய்க்கொண்டே இருந்தது. காகிதம் கையில் கிடைத்துவிட்டால் கேப்டன் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். இங்கிலீஷ் ராஜாவின் கடற்படையில் அதற்கென்று ஒரு வழக்கம் உண்டு. புதுக் கேப்டன் கப்பலில் ஏறவேண்டும், மொத்த ஆட்களும் தொப்பியைக் கழற்றிக்கொண்டு மேல்தளத்தில் நிற்கவேண்டும், அவர்கள் காதில் விழும்படி அந்த நியமனக் காகிதத்தை அவன் உரக்கப் படிக்கவேண்டும். கடைசி வார்த்தை வாயைவிட்டு வெளியே வந்தால்தான் கேப்டன். அதற்கு ஒரு வார்த்தை முந்திவரைக்கும் அவன் சும்மா வந்த விருந்தாளி. பன்னிரண்டு வயசில் கப்பலேறி, காதோரம் நரைக்கிற மட்டும் அடுத்தவன் சொன்னதற்கெல்லாம் தலையாட்டிவிட்டு, கடைசிக் கடைசியாக இன்றைக்கு, இந்த ஐப்பசி மாசத்துக் காலையில், இந்த ஒரு மைலைத் தாண்டினால் போதும். கடவுளே, தாண்டிவிட்டால் போதும்!

துடுப்பு வலிக்கிற ஆட்கள் பாட்டை எடுத்துவிட்டார்கள். "சீமைத் தொரை, ஏலேலோ! செவந்த மூக்கு, ஏலேலோ! எதைத் தடவுறான், ஏலேலோ? நெஞ்சைத் தடவுறான், ஏலேலோ! பொண்ணு குடுத்தாளா, ஏலேலோ? பொட்டலம் குடுத்தாளா, ஏலேலோ?" வெள்ளைக்காரனுக்கு ஒன்றும் புரியாது என்ற தைரியம் அவர்களுக்கு. இவனுக்கோ எல்லாம் புரிந்தது. முன்னொரு தடவை காய்ச்சலில் விழுந்து இந்த ஊர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, கஞ்சி ஊற்ற வந்தவனிடம் வாயைக் கொடுத்துக் கொடுத்துக் கொஞ்சம் தமிழ் பிடித்துவைத்திருந்தான். பேச வராது, பேசினால் கல்லைக் கடித்த மாதிரி இருக்கும், ஆனால் கேட்டால் புரிந்துவிடும். வேறொரு நாளாக இருந்தால் கோபம் வந்திருக்கும். இன்றைக்குச் சிரிப்புத்தான் வந்தது, அதை அடக்க மூக்கைத் தேய்த்துக்கொண்டான், உடனே பாட்டில் மூக்கைத் தேய்ப்பதும் வந்துவிட்டது. படகின் பின்கோடியில் நீளத் துடுப்பைப் பிடித்து நின்ற தண்டல் எட்டியப்பன், அந்தப் படகுக்குத் தலைவன், பாட்டில் சேரவில்லை. அவன் வடகிழக்கையே பார்த்துக்கொண்டு நின்றான். அங்கே வானம் அடுப்படிச் சுவர் மாதிரி கறுத்திருந்தது. ட்ரெவினும் அதைப் பார்த்தான், கடல்காரன் பார்க்காமல் இருப்பானா? பார்த்துவிட்டு வேண்டுமென்றே முகத்தைத் திருப்பிக்கொண்டான். மத்தியானம்வரை தாங்கும், கண்டிப்பாகத் தாங்கும், நான் படித்து முடிக்கிறவரை தாங்கினால் போதும். கரையிலிருந்து கருவாட்டு வாடை அடித்தது. அவனோடு சாப்பிட்ட ஆபீஸர்கள் எல்லாம் அந்த வாடைக்குக் கைக்குட்டையை மூக்கில் வைப்பார்கள். அவனுக்கு அது அப்பாவின் வாடை. கார்ன்வால் பக்கத்துக் கடற்கரையில் மத்தி மீனை உப்புப் போட்டு அடுக்கினவர் அப்பா, அதுதான் சங்கதி, அதுதான் அவன் தலையெழுத்து முழுவதும். மாமன் மந்திரி இல்லை, சித்தப்பன் பிரபு இல்லை, மீன்காரன் மகனுக்காக அட்மிரல் காதில் ஒரு வார்த்தை போட ஒரு நாதி கிடையாது. அவனோடு பையனாகக் கப்பலேறினவர்கள் பெரிய பெரிய கப்பலுக்குக் கேப்டனாகி, தொப்பை வைத்து, சிலபேர் செத்துக்கூடப் போய்விட்டார்கள். வின்சாட்டின் பழைய கேப்டன் போன வாரம் ஜுரத்தில் போகாமல் இருந்திருந்தால், அட்மிரலுக்கு அந்த நேரத்தில் கைக்கெட்டிய தூரத்தில் வேறு ஒருவன் நின்றிருந்தால், இந்தக் காகிதம் ஏது? பாவம், நல்ல மனுஷன் அந்தப் பழைய கேப்டன், அவர் சாவில் சந்தோஷப்படக்கூடாது. படவில்லை. பட்டான். என்ன செய்ய, சந்தோஷம் வந்தது.

"கெட்டியாப் புடிச்சிக்கோங்க தொரை!" என்று தண்டல் கத்தினான், முதல் அலை வந்து மோதியது. படகின் மூக்கு ஆகாசத்துக்குப் போய்த் தொப்பென்று விழுந்தது. ஆணியடித்த படகாக இருந்தால் அந்த அடியிலேயே சிலாம்பு சிலாம்பாகப் போயிருக்கும், இது வளைந்து கொடுத்தது, காலடியில் பலகை மூச்சு விடுகிற மாதிரி ஏறி இறங்கியது, தையல் வழியாகத் தண்ணீர் பீய்ச்சிக்கொண்டு வந்தது. சட்டியால் தண்ணீர் இறைக்கிறவன் இறைத்துக்கொண்டே இருந்தான். ட்ரெவின் நெஞ்சை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டான். நனையக்கூடாது, நான் முழுகினாலும் பரவாயில்லை இது நனையக்கூடாது. என்ன பேச்சு இது, நான் முழுகினால் காகிதத்தை யார் படிப்பது? மறுபடி சிரிப்பு வந்தது. எத்தனை கேப்டன்கள் படிக்கக் கேட்டாயிற்று! தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, வெயிலிலும் மழையிலும் நின்று நின்று கேட்டாயிற்று. ஒருத்தருக்கு முன்பல் கிடையாது, ராஜாவின் பேர் வருகிற இடத்திலெல்லாம் முன்வரிசைக்கு எச்சில் தெறிக்கும். இன்னொருத்தர் குடித்துவிட்டு வந்து ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் படித்தார், யார் போய்ச் சொல்வது? கடைசியாக வந்தவனுக்கு மீசைகூடச் சரியாக முளைக்கவில்லை, யாரோ ஒரு பிரபுவின் அக்கா மகன், பாதியில் ஒரு வார்த்தை படிக்க வராமல் திக்கி நின்றான். அப்போது பின்னாலிருந்து மெதுவாக அந்த வார்த்தையை எடுத்துக்கொடுத்தவன் யார்? இந்த ட்ரெவின்தான். பேரும் கப்பலும்தான் மாறும், மற்றதெல்லாம் எல்லாருக்கும் அதே வாசகம். அது அவனுக்குத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் வரும். ஆனாலும் நேற்றுச் சாயங்காலம் விடுதி அறையில் கதவைச் சாத்திக்கொண்டு படித்துப் பார்த்தான். முதல் தடவை குரல் கீச்சென்று வந்தது. இரண்டாவது தடவை அழுகை வந்துவிட்டது, சீ என்று ஆகிவிட்டது. மூன்றாவது தடவை நன்றாக, கம்பீரமாக, அடிவயிற்றிலிருந்து படித்தான், உடனே விடுதிக்காரி வந்து கதவைத் தட்டி, உள்ளே யாரோடு சண்டை என்று கேட்டாள்.

இரண்டாவது அலையும் தாண்டியாயிற்று. உப்புத் தண்ணீர் கண்ணில் எரிந்தது. படித்து முடித்ததும் ஆட்களிடம் நாலு வார்த்தை பேசவேண்டும், அதையும் யோசித்துவைத்திருந்தான். சுருக்கமாக, கண்டிப்பாக, ஆனால் நியாயமானவன் என்று தெரியும்படி. கோழைத்தனத்தை மன்னிக்கமாட்டேன் என்று ஆரம்பிக்கலாமா? வேண்டாம், முதல் நாளே மிரட்டக்கூடாது. நூற்றிருபது பேரின் முகம். அந்த முகங்களில் பாதி இப்போதே கப்பல் விளிம்பின் வேலியோரம் நின்று, யார்டா இந்தப் புது ஆள், நல்லவனா, கசையால் அடிக்கிறவனா என்று பார்த்துக்கொண்டிருக்கும். அவனே எத்தனை தடவை அப்படிப் பார்த்திருக்கிறான். இனிமேல் பார்க்கப்படுகிறவன். பயமா? ஆமாம், பயம்தான், ஆனால் இனிக்கிற பயம், இது வேண்டும், இன்னும் வேண்டும். "வலி! வலி!" என்று தன்னையறியாமல் தமிழில் கத்திவிட்டான். பாட்டு டக்கென்று நின்றது. துடுப்புக்காரர்கள் ஒருத்தனை ஒருத்தன் பார்த்துக்கொண்டார்கள். "தொரைக்குத் தமிழ் தெரியுமா?" என்று முன்னால் இருந்தவன் கேட்டான், குரல் பாதியாகிவிட்டது. "மூக்கு... செவப்பு... தெரியும்," என்றான் ட்ரெவின். படகே விழுந்து விழுந்து சிரித்தது. தண்டல் மட்டும் சிரிக்கவில்லை. "சிரிச்சது போதும், வலிங்கடா! மானம் இருக்கிற லட்சணத்தைப் பாருங்க! எவன் முகத்துல முழிச்சேனோ, இந்தச் சவாரியை ஏத்துக்கிட்டேன்!"

அப்போது கோட்டைப் பக்கமிருந்து பீரங்கி ஒன்று வெடித்தது. ட்ரெவின் திரும்பிப் பார்க்கிறதற்குள் தண்டல் தலையில் கையை வைத்துவிட்டான். "போச்சு! கொடி ஏத்திட்டாங்க!" கரைக் கொடிமரத்தில் புயல் கொடி படபடவென்று அடித்துக்கொண்டது. இந்த ஊரில் துறைமுகம் என்று ஒன்று கிடையாது, கப்பலெல்லாம் திறந்த கடலில்தான் நிற்கும். வடகிழக்கிலிருந்து புயல் வந்தால் நிற்கிற கப்பலைத் தூக்கிக் கொண்டுவந்து மணலில் போட்டு அடித்து நொறுக்கிவிடும். அதனால் அந்தக் கொடி ஏறிவிட்டால் நங்கூரம் எடுக்கிறவன் எடுக்கலாம், எடுக்க நேரமில்லாதவன் நங்கூரத்தின் வடத்தை வெட்டிக் கடலிலேயே விட்டுவிட்டு நடுக்கடலுக்கு ஓடவேண்டும். ஓடிவிடுவார்கள். என்னை விட்டுவிட்டு ஓடிவிடுவார்கள். அதோ ஒரு வியாபாரக் கப்பல் பாய் விரித்துவிட்டது, அதோ இன்னொன்று, அதற்கப்பால் இரண்டு. ஒரு வார்த்தை படிக்காமல், கால்கூட வைக்காமல், கப்பல் கண்ணெதிரே போய்விடும், எத்தனை நாள் கழித்து வருமோ, அதற்குள் அட்மிரலின் பக்கத்தில் எவனாவது ஒரு அக்கா மகன் வந்து நிற்பான், ட்ரெவினா, யார் ட்ரெவின், ஓ அந்தக் கிழட்டு லெப்டினன்டா, அவன்தான் கப்பலில் ஏறவே இல்லையே, படிக்கவே இல்லையே, அப்படியானால் வேறு ஆளைப் போடு. அவ்வளவுதான். முடிந்தது. இன்னொரு காகிதம் இந்த ஜென்மத்தில் கிடையாது. "போ!" என்று கத்தினான். "கப்பல் போ! நீ போ! சீக்கிரம்!" தண்டலும் பதிலுக்குக் கத்தினான், "உங்களுக்கென்ன தொரை, நீங்க மேல ஏறிக்குவீங்க! திரும்பி வரப்போறவன் நானு! பெண்டாட்டி புள்ள எனக்கு இல்லையா?" வைதுகொண்டே, தண்டல் என்ன நினைத்தானோ, துடுப்பைத் திருப்பவில்லை. பாதி தூரம் வந்தாயிற்று என்று நினைத்திருக்கலாம். துரையின் முகத்தைப் பார்த்தும் இருக்கலாம், ஏனென்றால் ட்ரெவினின் முகம் அப்போது பார்க்கிற மாதிரி இல்லை. "வலிங்கடா, தொலையட்டும்!" என்றான்.

மூன்றாவது அலை அவர்களை முழுக்காட்டிவிட்டு விட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தால், வின்சாட் நிற்கிறது! மற்றதெல்லாம் போய்க்கொண்டிருக்கிறது, அது நிற்கிறது! அடேயப்பா, நிற்கிறதடா! மூக்கில் செதுக்கி வைத்த மரப்பொம்மைக் குருவி தண்ணீரில் முங்கி முங்கி எழ, அந்தச் சின்னக் கப்பல் வடத்தை இழுத்துக்கொண்டு அங்கேயே நிற்கிறது, எனக்காக நிற்கிறது! ட்ரெவினுக்கு எழுந்து ஆடவேண்டும் போல இருந்தது. எழுந்தே விட்டான், தண்டல் தோளைப் பிடித்து அமுக்கினான். இதுவரை எந்த ஆத்மா இவனுக்காகக் காத்திருந்தது? எந்தப் படகு, எந்தச் சாப்பாட்டு மேசை, எந்தப் பெண்? எப்போதும் இவன்தான் காத்துக்கிடப்பான். இன்றைக்கு ஒரு ராஜாவின் போர்க்கப்பல், பதினெட்டு பீரங்கியும் நூற்றிருபது பேரும், அவனுக்காக நிற்கிறது. துடுப்பு வலிக்கிறவர்கள் பாட்டை மறந்து ஹ ஹ என்று மூச்சோடு வலித்தார்கள். கப்பல் பெரிசாகிக்கொண்டே வந்தது, ஓட்டையடைத்த பலகை, தார் பூசின கயிறு, அவனுடைய கயிறு, அவனுடைய தார், எல்லாம் கண்ணுக்குத் தெரிந்தது. தெரியத் தெரிய அந்தச் சந்தோஷத்துக்குள் ஒரு முள் குத்தியது. ஏன் நிற்கிறது? கரைக்கொடியை மதித்து வியாபாரிகள் எல்லாம் போய்விட்டார்களே. ராஜாவின் கப்பலுக்குக் கரைக்காரன் கொடி வெறும் எச்சரிக்கைதான், கட்டளை ஆகாது, சரி. ஆனால் எச்சரிக்கை போதாதா, கண் இல்லையா, முதல் லெப்டினன்ட் யார் அங்கே? கிம்பர். ஐயோ, கிம்பர்! அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. கிம்பர் கதை கடற்படை முழுவதும் தெரிந்த கதை. முன்னே ஒரு கப்பலில், கேப்டன் கரையில் விருந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது காற்றுப் பிடித்துக்கொண்டது, கிம்பர் யாரையும் கேட்காமல் வடத்தை வெட்டிக் கப்பலைக் காப்பாற்றினான். கப்பல் பிழைத்தது, ஆனால் கேப்டனுக்கு அவமானமாகப் போயிற்று. யார் சொல்லி வெட்டினாய், நங்கூரம் எங்கே, வடம் எங்கே என்று விசாரணை வைத்து, அவனைப் பதவிவரிசையில் கடைசிக்குத் தள்ளிவிட்டார்கள். சூடு பட்டவன் அவன். இனிமேல் கேப்டன் வாயால் சொல்லாமல் வெட்டமாட்டான். கேப்டனோ இதோ படகில் கண்ணுக்குத் தெரிகிறான். தெரிவதனாலேயே கிம்பர் வெட்டாமல் நிற்கிறான். நான் தெரியாமல் இருந்தால்கூடப் போயிருப்பானோ என்னவோ. என்னால்தான் நிற்கிறது. நூற்றிருபது பேரும் என்னால்தான் நிற்கிறார்கள்.

பக்கத்தில் போகப் போக நிலைமை நன்றாகவே தெரிந்தது. கப்பல் உருண்டு புரண்டுகொண்டிருந்தது, பக்கவாட்டில் ஒட்டினால் படகு கூழாகிவிடும். "கிட்டப் போவமாட்டேன்! என் படகு, என் ஆளுங்க!" என்றான் தண்டல், அவன் சொன்னது நூற்றுக்கு நூறு நியாயம். முன்பக்கம் வடம் விறைத்து நின்றது, ஆட்கள் அங்கே குனிந்து எதையோ பார்த்துக் கையை ஆட்டிக் கத்திக்கொண்டிருந்தார்கள். வடத்தின் புரிகளில் ஒன்று அறுந்துவிட்டது, ட்ரெவினுக்குக் கேட்காமலே தெரிந்தது. தானாக முழுசும் அறுந்தால் கப்பலின் மூக்கு எந்தப் பக்கம் விழுமென்று சொல்ல முடியாது, கரைப்பக்கம் விழுந்தால் தீர்ந்தது. இப்போது காற்று ஒரு சொட்டு வடக்கே ஒதுங்கியிருக்கிறது. இப்போதே பாயைப் போட்டு, இப்போதே வெட்டினால் தென்கிழக்கே பாய்ந்து தப்பித்துவிடும். இப்போதே! "கிம்பர்! வெட்டு! வடத்தை வெட்டு!" பின்தளத்தில் நின்ற ஒல்லி மனுஷன் காதில் கையை வைத்துக் கேட்டான், பிறகு தூரத்துக்குக் கேட்கும்படி கத்துகிற ஊதுகுழலை வாயில் வைத்தான். "மன்னிக்கவேண்டும், ஐயா! நீங்கள் இன்னும் எங்கள் கேப்டன் இல்லை! கயிறு வீசுகிறோம், இடுப்பில் கட்டிக்கொள்ளுங்கள், இழுத்துக்கொள்கிறோம்!" சொல்லி வாய் மூடவில்லை, கயிறு பாம்பாகப் பறந்து வந்து படகின் குறுக்கே விழுந்தது, ட்ரெவின் அதைப் பாய்ந்து பிடித்துவிட்டான்.

கப்பலின் கயிறு. கையில் ஈரமாக, கனமாக, துடித்துக்கொண்டு. கட்டிக்கொள், கட்டிக்கொள் என்று ரத்தம் மொத்தமும் கத்தியது. ஒரு முடிச்சு, ஒரு குதி, கொஞ்சம் தண்ணீர் குடிப்போம், பரவாயில்லை, மேலே போய் விழுவோம், எழுந்து நிற்போம், படிப்போம். எவ்வளவு நேரம் ஆகிவிடும்? இழுக்க இருபது பேர் வேண்டும், பாய் விரிக்கவேண்டிய இருபது பேர். அதுவரை வடம் தாங்குமா? தாங்கலாம். தாங்காமலும் போகலாம். தாங்கும் என்று வைத்துக்கொண்டால் என்ன, பாதிக்குப் பாதிதானே, பாதி ஆயுசு காத்திருந்தவனுக்கு ஒரு பாதி கொடுக்கக்கூடாதா? வேலியோரம் முகம் முகமாகத் தெரிந்தது, பயந்த முகங்கள், அதில் ஒன்றுகூட அவனுக்குப் பேர் தெரியாத முகம். இவர்களிடம்தான் கோழைத்தனத்தை மன்னிக்கமாட்டேன் என்று பேச இருந்தான். கையில் இருந்த கயிற்றை ஒரு தடவை பார்த்தான். பிறகு இடது கையில் அதைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு, வலது கையைச் சட்டைக்குள் விட்டுக் காகிதத்தை இழுத்தான். எழுந்து நின்றான். "தண்டல், என்னைப் பிடி!" என்று அவன் தமிழில் சொன்னபோது இலக்கணம் எல்லாம் சரியாக வந்தது. தண்டல் இடுப்பைக் கட்டிப் பிடித்தான், "பைத்தியம் புடிச்சுடுச்சுடா தொரைக்கு!" என்று ஆட்களிடம் சொல்லிக்கொண்டே பிடித்தான்.

"தொப்பியைக் கழற்றுங்கள்!" என்று ட்ரெவின் கத்தினான். கப்பலில் எல்லாரும் திகைத்து நின்றார்கள். "கப்பலின் கயிறு என் கையில் இருக்கிறது, மிஸ்டர் கிம்பர்! கயிறு கப்பலைச் சேர்ந்தது! நான் கப்பலில் இருக்கிறேன்! தொப்பியைக் கழற்றச் சொல்லுங்கள்!" கிம்பர் ஒரு நொடி நின்றான். அந்த நொடி எவ்வளவு நீளம்! சட்டத்தைக் கரைத்துக் குடித்து, அதனாலேயே அடிபட்டவன், அவன் மண்டைக்குள் அப்போது என்னென்ன ஓடியதோ. பிறகு கை மெதுவாக மேலே போய்த் தொப்பியைக் கழற்றியது. நூற்றிருபது தலையும் வெறுந்தலையாயிற்று. ட்ரெவின் காகிதத்தை விரித்தான், அதற்கென்றே காத்திருந்த மாதிரி மழை இறங்கியது, மை ஓடியது, முதல் வரியைத் தாண்டி ஒரு எழுத்தும் தெரியவில்லை. தெரியாவிட்டால் என்ன? "கடற்படைத் தலைமையின் ஆணைப்படி, ஜோசையா ட்ரெவினாகிய உமக்கு! வின்சாட் என்னும் கப்பலில் உடனடியாக ஏறி," என்று தொடங்கினான், ஏறி என்ற இடத்தில் மேலே யாரோ ஒரு மாலுமி பொத்துக்கொண்டு சிரித்துவிட்டான், ட்ரெவினுக்கும் சிரிப்பு வந்தது, சிரித்துக்கொண்டே கத்தினான், "ஏறி, அதன் தலைமையையும் பொறுப்பையும் ஏற்றுக்கொள்ளும்படியும், அதிலுள்ள ஆபீஸர்களும் ஆட்களும் உமக்கு எல்லா மரியாதையோடும் கீழ்ப்படியும்படியும் கட்டளையிடுகிறோம்!" அலை வந்து மார்பில் அடித்தது, துப்பிவிட்டுத் தொடர்ந்தான். எத்தனையோ தடவை நின்று கேட்ட வார்த்தைகள், அத்தனை தடவையும் வேறொருவனுக்கென்று எழுதின வார்த்தைகள். "இதில் நீரோ உம்மைச் சேர்ந்தவர்களோ தவறக்கூடாது! தவறினால் அதற்கு நீரே பதில் சொல்லவேண்டும்!" இந்தக் கடைசி வரியை எல்லாரும் வேகமாக முணுமுணுத்துவிட்டுப் போவார்கள். அவன் அதை ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னான். சொல்லி முடித்துவிட்டான். கேப்டன்!

"மிஸ்டர் கிம்பர், வடத்தை வெட்டுங்கள்!"

"ஆகட்டும், கேப்டன்!" என்று ஊதுகுழலில் வந்தது, அந்தக் குரலில் இருந்த நிம்மதியைப் பார்க்கவேண்டுமே! முன்பக்கம் கோடரி பளிச் பளிச்சென்று விழுந்தது. ட்ரெவின் இடது கையைப் பார்த்தான். கயிறு இன்னும் சுற்றியிருந்தது, விரல் பிரிய மறுத்தது, வேறு யாருடைய விரலையோ பிரிக்கிற மாதிரி ஒவ்வொன்றாகப் பிரித்தான். விட்டான். கயிறு சரசரவென்று படகின் விளிம்பைத் தாண்டித் தண்ணீருக்குள் ஓடிவிட்டது. வடம் அறுந்த சத்தம் வயிற்றில் கேட்டது. கப்பல் ஒரு கணம் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றது, மூக்கு கரைப்பக்கம் சாய்ந்தது, இல்லை, வேண்டாம், வேண்டாமடி கண்ணு, திரும்பு, திரும்பு, பாயில் காற்றுப் பிடி என்று அவன் பல்லைக் கடித்துக்கொண்டு கெஞ்சினான், பாய் ஒரு உதறு உதறி நிறைந்தது, திரும்பிவிட்டது! தென்கிழக்கே பாய்ந்துவிட்டது! படகைத் தாண்டிப் போகிறபோது வேலி முழுக்கக் கை ஆட்டினார்கள், ஹுர்ரே என்று கத்தினார்கள். கிம்பர் வெறுந்தலையோடு, கேப்டனிடம் எந்த லெப்டினன்டும் கேட்கிற அந்தக் கேள்வியைக் கேட்டான்: "வேறு ஆணை ஏதாவது உண்டா, ஐயா?" இந்தக் கேள்விக்காக எத்தனை வருஷம்! யோசித்துவைத்திருந்த நாலு வார்த்தையில் ஒன்றுகூட வாயில் வரவில்லை. "ஆட்களுக்குச் சூடாகச் சாப்பாடு போடுங்கள்!" என்று கத்தினான். கிம்பர் கையை உயர்த்தினான். அதற்குள் மழை நடுவே வந்து விழுந்துவிட்டது.

தண்டல் படகைத் திருப்பிவிட்டான். அலை இப்போது பின்னாலிருந்து தள்ளியது, கரை அரைமணியிலோ அதற்கு முன்னாலோ வந்துவிடும், உயிரோடு வருகிறோமா என்பது வேறு விஷயம். ட்ரெவின் பின்பக்கம் திரும்பி உட்கார்ந்து, ஒவ்வொரு அலையின் மேலே ஏறும்போதும் எட்டிப் பார்த்தான். அதோ! மறைந்துவிட்டது. அதோ, இன்னும் தூரத்தில், சாய்ந்து சாய்ந்து, அழகாக, எவ்வளவு அழகாக! கரையை விட்டு விலகிவிட்டது, அடி ஆழமான தண்ணீருக்குப் போய்விட்டது, இனிமேல் பயமில்லை. இருக்கிற பயமெல்லாம் இவனுக்குத்தான். அட்மிரல் என்ன சொல்வார், படகில் நின்று படித்தது செல்லுமா, புயல் ஓய்ந்து கப்பல் வருகிறபோது அதன் தளத்தில் எவன் நிற்பான், எதுவும் தெரியாது. கன்னத்தில் ஓடுவது மழையா கடலா கண்ணீரா என்று பார்க்க அவனுக்கு நேரமில்லை. வாய் மட்டும் காது வரைக்கும் விரிந்து சிரித்துக்கொண்டிருந்தது. படகுக்குள் தண்ணீர் கணுக்காலைத் தாண்டிவிட்டது, இறைக்கிறவன் களைத்துப்போய்த் துடுப்புக்கு மாறியிருந்தான். தண்டல் சட்டியை எடுத்து ட்ரெவின் மடியில் போட்டான்.

"கப்பல் போயிடுச்சே தொரை! நம்மள வுட்டுட்டு!"

"நான் போகச் சொன்னேன்."

"நீங்க சொன்னா அது போவுமா? யாரு கப்பலு அது?"

"என்னுது," என்றான் ட்ரெவின்.

தண்டல் மழைக்குள் கடைசியாகத் தெரிந்த பாயைப் பார்த்தான். தொப்பி போய், தொப்பலாக நனைந்து, மடியில் சட்டியோடு உட்கார்ந்திருந்த மனுஷனைப் பார்த்தான்.

"சரி," என்றான். "தண்ணிய எறைங்க."